இனிப்பு ஊறுகாயும் தண்ணீர்க் கணக்கும்

குஜராத்துக்கு மாற்றலாகி வரும் தமிழ்க் குடும்பத்தினர் முதல் வாரத்தில் சொல்லும் குறை பெரும்பாலும் ஒன்றுதான்: "இந்த ஊர்க்காரர்கள் எதில்தான் சர்க்கரை போடமாட்டார்கள்?" பருப்பில் வெல்லம், கறியில் வெல்லம், போதாக்குறைக்கு ஊறுகாயிலும் இனிப்பு! நல்லெண்ணெய் மிதக்கும் மாங்காய் ஊறுகாயும் வடுமாங்காயும் தொட்டுக்கொண்டு வளர்ந்த நமக்கு, இது ஊறுகாயா ஜாமா என்ற சந்தேகம் எழுவது இயற்கையே.

டிப்ளமா முடித்து 1983இல் ரயில்வேயில் சேர்ந்து, தண்டவாளப் பராமரிப்புப் பிரிவில் வேலை பார்த்து, 2020இல் ஓய்வு பெற்று, வடோதராவிலேயே தங்கிவிட்டவன் நான். என்னுடன் பாதையில் வேலை செய்த கேங்மேன்கள் காலை பத்து மணிக்கு மரத்தடியில் உட்கார்ந்து ரொட்டி மூட்டையை அவிழ்த்தால், உள்ளே பெரும்பாலும் ஓர் இனிப்பு ஊறுகாய் இருக்கும். மே மாத வெயிலில், குழம்பு வைத்தால் மதியத்துக்குள் புளித்துப் போகும் இடத்தில், அந்த ஊறுகாய் மட்டும் அப்படியே இருக்கும். ருசி பிடிப்பதற்கு முன்னால் எனக்குப் பிடித்தது அதன் உறுதிதான்! ஓய்வு பெற்ற பிறகு எங்கள் வீட்டில் ஆண்டுதோறும் ஊறுகாய் போடும் பொறுப்பை என் மனைவி என்னிடம் ஒப்படைத்துவிட்டாள். அந்த அனுபவத்தில், செய்முறையோடு அதன் காரணங்களையும் சேர்த்து நம் சங்கத்து அன்பர்களுக்காக எழுதுகிறேன். செய்முறை மட்டும் தெரிந்தால் இந்த ஊரில் செய்யலாம். காரணம் தெரிந்தால் எந்த ஊரிலும் செய்யலாம்.

உப்பு செய்யும் வேலையைச் சர்க்கரை செய்கிறது

பூசணமும் கிருமியும் வளர முதல் தேவை தண்ணீர். பண்டத்தில் தண்ணீர் இருந்தால் மட்டும் போதாது. அவை உறிஞ்சிக் கொள்ளும்படி சும்மா இருக்கும் தண்ணீராக அது இருக்க வேண்டும். உப்போ சர்க்கரையோ நிறையக் கரைந்துவிட்டால் தண்ணீர் அவற்றோடு பிணைந்து போகிறது. கிருமியின் உடம்பிலிருக்கும் நீரையும் அந்தக் கரைசல் வெளியே இழுத்துவிடுகிறது. கிருமி தாகத்தால் முடங்கிப் போகிறது என்று வைத்துக் கொள்ளுங்கள்.

உப்புக்கு இந்தச் சக்தி அதிகம். கரைசலில் உப்பு நூற்றுக்கு 26 பங்கு வந்தால் தண்ணீர் அதற்குமேல் உப்பை ஏற்காது. அந்த நிலையில் அநேகமாக எதுவும் அதில் வளராது. சர்க்கரையோ நூற்றுக்கு 67 பங்குவரை கரைகிறது. அதாவது ஒரு கிலோ தண்ணீர் இரண்டு கிலோ சர்க்கரையைக் கரைத்துக் கொள்ளும். அவ்வளவு கரைந்தபின்தான் நோய்க்கிருமிகள் அடங்குகின்றன. ஆகவே இனிப்பு ஊறுகாயில் சர்க்கரை ருசிக்காக மட்டும் போடப்படுவதில்லை, அதுவே காவல்காரன். ஜாமில் கரைந்த பொருள் 65 விழுக்காட்டுக்குக் குறையக் கூடாது என்று நம் நாட்டு உணவுத் தர விதி கூறுவதை இத்துடன் பொருத்திப் பாருங்கள்.

இரண்டாவது காவல் புளிப்பு. காற்றுப் புகாத ஜாடிக்குள் விஷத்தை உண்டாக்கும் கொடிய கிருமிகள்கூட மாங்காய் அளவு புளிப்பில் வளர முடிவதில்லை. அதனால்தான் இந்த முறைக்குப் புளிப்பான காயாகப் பார்த்து எடுக்க வேண்டும். செங்காயும், தின்பதற்கு ருசியான கிளிமூக்கு வகையும் இதற்கு உதவா.

இது நமக்கு முற்றிலும் புதிய வித்தையுமல்ல. தேன் நெல்லியும் இஞ்சி மரப்பாவும் இதே தத்துவந்தான். அந்த ‘மரப்பா’ என்ற சொல்லே அரபு, பாரசீகம் வழியாக வந்த ‘முரப்பா’தான். ஜாடியைக் குஜராத்தியர் ‘பரணி’ என்கிறார்கள். ஊறுகாய்ப் பரணி என்று நம் பாட்டிமார் சொன்னதும் அதைத்தான்.

சுந்தோ செய்யும் விதம்

இங்கே இனிப்பு ஊறுகாய்களில் முதலிடம் ‘சுந்தோ’வுக்கு. முதலெழுத்தை ‘அச்சு’ என்பதில் வரும் ‘ச்சு’ போல அழுத்திச் சொல்ல வேண்டும். நசுக்கியது என்று பொருள். துருவிய மாங்காயைச் சர்க்கரையில் ஊறவைத்து, அடுப்பில் ஏற்றாமல் வெயிலிலேயே பாகாக்குவதுதான் இதன் தனிச் சிறப்பு.

ஏப்ரல் கடைசியிலிருந்து வடோதரா மார்க்கெட்டுகளில் ராஜாபுரி என்ற பெரிய மாங்காய் குவியும். ஒரு காய் அரைக்கிலோவுக்கு மேலும் இருக்கும். சதைப்பற்று அதிகம், நார் குறைவு, புளிப்பு நன்றாக உண்டு. ஊறுகாய்க் காலத்தில் பெரிய பாக்குவெட்டி போன்ற வெட்டுக்கத்தியோடு கடைக்காரர்கள் உட்கார்ந்திருப்பார்கள். காயை அவர்களே துண்டு போட்டுத் தருவார்கள். சுந்தோவுக்குத் துண்டு வேண்டாம், முழுக்காயாக வாங்கி வாருங்கள். ராஜாபுரி கிடைக்காத ஊர்களில் உள்ளவர்கள், கெட்டியான, கொட்டை முற்றிய, நல்ல புளிப்புள்ள எந்தக் காயையும் எடுக்கலாம்.

தேவையானவை: மாங்காய்த் துருவல் 1 கிலோ (தோலும் கொட்டையும் நீக்கிய பிறகு), சர்க்கரை 1¼ கிலோ, உப்பு 25 கிராம், மஞ்சள்தூள் 1 தேக்கரண்டி, மிளகாய்த்தூள் 2 மேசைக்கரண்டி, வறுத்துப் பொடித்த சீரகம் 1 மேசைக்கரண்டி. விரும்பினால் நாலைந்து கிராம்பு, ஒரு துண்டு பட்டை.

காயைக் கழுவி, ஈரம் போகத் துடைத்து, ஒரு மணி நேரம் ஆறவிட்டுத் தோல் சீவுங்கள். பெரிய கண் துருவியில் நீளநீளமாகத் துருவ வேண்டும். பொடிக்கண் துருவியில் துருவினால் கூழாகிவிடும். துருவலில் உப்பும் மஞ்சளும் பிசறி அரை மணி வையுங்கள், நீர் விட்டுக்கொள்ளும். சிலர் அந்த நீரைப் பிழிந்து கொட்டிவிடுகிறார்கள். புளிப்பெல்லாம் அதில்தான் இருக்கிறது; கொட்டாதீர்கள். காய் பொறுக்க முடியாத புளிப்பாக இருந்தால் மட்டும் சிறிது பிழிந்துவிட்டு, பிழிந்த துருவலை மறுபடி எடை போட்டு அதற்கேற்பச் சர்க்கரை சேருங்கள்.

சர்க்கரையைக் கலந்து, எவர்சில்வர் பாத்திரத்திலோ பீங்கான் பாத்திரத்திலோ வையுங்கள். அலுமினியமும் ஈயம் பூசாத பித்தளையும் ஆகவே ஆகா. மாங்காய்ப் புளிப்பு உலோகத்தை அரித்து ஊறுகாயில் சேர்த்துவிடும். முதல் நாள் வீட்டுக்குள்ளேயே இருக்கட்டும். இடையிடையே கிளறினால் சர்க்கரை முக்கால்வாசி கரைந்துவிடும். மறுநாள் காலை பாத்திரத்தின் வாயில் மெல்லிய மல் துணியை இறுகக் கட்டி வெயிலில் வையுங்கள். மாலையில் வீட்டுக்குள் கொண்டுவந்து, சூடு ஆறியபின் உலர்ந்த கரண்டியால் அடிவரை கிளறி மறுபடி துணி கட்டுங்கள். காலையில் வெளியே வைக்கும்முன் இன்னொரு தடவை கிளற வேண்டும். இப்படி ஏழிலிருந்து பத்து நாள். மிளகாயும் சீரகமும் கடைசி நாளில், பாகு ஆறிய பிறகே சேர வேண்டும். முன்னமே சேர்த்தால் வெயிலில் மிளகாயின் நிறம் வெளுத்துப் போகும்.

வெயில் எதற்கு?

"அடுப்பில் வைத்தால் அரை மணியில் முடிகிற வேலைக்குப் பத்து நாளா?" என்று கேட்கலாம். துருவல் ஒவ்வொன்றும் தண்ணீர் நிரம்பிய சிறு பை போன்றது. கெட்டியான சர்க்கரைப் பாகில் அதைத் திடீரென்று கொதிக்க வைத்தால், சர்க்கரை உள்ளே நுழைவதற்குள் தண்ணீர் வெளியே ஓடிவிடுகிறது. துருவல் சுருங்கி, மென்றால் தோல்போல் இழுக்கும். வெயிலிலோ பாகின் அடர்த்தி நாளுக்கு நாள் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் ஏறுகிறது. தண்ணீர் வெளியே வர வர, சர்க்கரை நிதானமாக உள்ளே போகிறது. துருவல் பருமன் குறையாமல் கண்ணாடிபோல் ஆகிவிடும். கருகல் வாசனையும் கிடையாது. நிறம் பொன்னாக நிற்கும்.

மே மாதத்தில் இங்கே காற்றின் வெப்பம் 42 டிகிரி இருக்கும்போது தண்டவாளத்தின் வெப்பம் 60 டிகிரியைத் தாண்டுவதுண்டு. நாங்கள் அதற்கென்றே தண்டவாளத்தில் வெப்பமானி வைத்துப் பார்ப்போம். வெயிலில் வைத்த பொருள் காற்றைவிடச் சூடாகும் என்பதற்காகச் சொல்கிறேன். பாத்திரத்திலுள்ள பாகு தண்டவாளத்தளவு சூடாகாது என்றாலும், சர்க்கரை கரையவும் தண்ணீர் ஆவியாகவும் அந்தச் சூடு போதும். ஆனால் கிருமியைக் கொல்ல இது போதாது என்பதை நினைவில் வையுங்கள். வெயில் கிருமியை ஒழித்துவிடும் என்று நம்பிச் சர்க்கரையைக் குறைப்பவர்களின் ஜாடிதான் முதலில் பொங்குகிறது. வெயிலின் வேலை தண்ணீரை ஓட்டுவது. காவல் வேலை சர்க்கரையுடையது.

இன்னொரு காரியமும் அந்தப் பத்து நாளில் நடக்கிறது. மாங்காயின் புளிப்பு சர்க்கரையில் ஒரு பகுதியை இரண்டு எளிய சர்க்கரைகளாக உடைத்துவிடுகிறது. இப்படி உடைந்த சர்க்கரை மறுபடி கற்கண்டுபோல் உறைவதில்லை. சுந்தோ மாதக்கணக்கில் வழவழப்பாக இருப்பதற்கு இதுவே காரணம். புளிப்பில்லாத காயில் செய்தால் அடியில் சர்க்கரை மணல்போல் படியும். அப்படி நேர்ந்தால் ஓர் எலுமிச்சம்பழம் பிழிந்து இலேசாகச் சூடாக்கிக் கலக்குங்கள்.

எடை பார்த்து நிறுத்துங்கள்

பாகு போதுமா என்று பார்க்க, விரலுக்கு விரல் ஒட்டி இழுத்து ஒரு கம்பி வருகிறதா என்று பார்ப்பதே வழக்கம். ரயில்வே குடியிருப்பில் எங்கள் அடுத்த வீட்டிலிருந்த குஜராத்தி மூதாட்டி, நாங்கள் எல்லோரும் ‘பா’ என்று அழைத்தவர், விரலைப் பார்க்காமலேயே சொல்லிவிடுவார். ஐம்பது வருடம் செய்த கை அது. முதல் தடவை செய்யும் நமக்கு அந்தக் கை கிடையாது. ஆனால் நம் வீட்டில் தராசு உண்டு. எந்த உறுப்பின் அளவையும் கண்மதிப்பில் விடக்கூடாது என்று பழகியவன் நான். எனவே இதற்கும் ஒரு கணக்குப் போட்டு வைத்திருக்கிறேன்.

1000 கிராம் மாங்காய்த் துருவலில் தண்ணீர் சுமார் 880 கிராம். மீதியில் கரையக்கூடியது 80 கிராம், நார் 40 கிராம் என்று கொள்வோம். இதில் சர்க்கரை 1250, உப்பு 25 சேர்ந்தால் மொத்தம் 2275 கிராம். வெயிலில் ஆவியாவது தண்ணீர் மட்டுமே. மொத்த எடை 2000 கிராமுக்கு இறங்கும்போது 275 கிராம் தண்ணீர் போய்விட்டது. மிச்சத் தண்ணீர் 605. கரைந்திருப்பவை 1355. நாரை விட்டுவிட்டால் பாகு 1960 கிராம். 1355ஐ 1960ஆல் வகுத்தால் 69 விழுக்காடு. நமக்கு வேண்டிய இடம் இதுதான்.

ஆகவே சூத்திரம் எளிது: ஒன்றேகால் பங்கு சர்க்கரை போட்டால், துருவலின் எடையைப்போல் இரண்டு பங்கு எடைக்கு வந்ததும் நிறுத்தலாம். ஒன்றரைப் பங்கு சர்க்கரை போடுகிறவர்கள் கிலோவுக்கு 2.3 கிலோவில் நிறுத்தலாம். வெறும் பாத்திரத்தின் எடையை முதலிலேயே ஒரு காகிதத்தில் குறித்து அலமாரிக் கதவில் ஒட்டிவிடுங்கள். ஆறாம் நாளிலிருந்து தினமும் மாலை, துணியை அவிழ்த்துவிட்டு எடை போடுங்கள். மசாலா சேர்க்கும் முன்பே இந்தக் கணக்கு. ஊருக்கு ஊர் வெயில் வேறு, காற்று வேறு. எத்தனை நாள் என்று நான் சொல்வதைவிட எவ்வளவு எடை என்று சொல்வதே சரியாக இருக்கும்.

மொட்டை மாடி இல்லாதவர்களுக்கு

இப்போது நம்மில் பலர் பத்து மாடிக் கட்டடங்களில் இருக்கிறோம். மொட்டை மாடிக்கு விடமாட்டார்கள். பால்கனியில் இரண்டு மணி நேரம்தான் வெயில். சில ஆண்டுகளில் மே மாதத்திலேயே மேகம் கூடி மழையும் வந்துவிடுகிறது. இவர்கள் அடுப்பைத்தான் நாட வேண்டும். அதற்கும் வழி உண்டு.

சர்க்கரை கலந்த துருவலை ஒரு முழு இரவும், முடிந்தால் ஒரு பகலும் ஊறவிடுங்கள். சர்க்கரை முழுக்கக் கரைந்த பிறகே அடுப்பேற்ற வேண்டும். கனத்த அடியுள்ள பாத்திரத்தில் மிகச் சிறிய தீ, அவசரம் கூடாது. பத்து நிமிடம் காய்ச்சி இறக்கி ஆறவிட்டு, மறுநாள் இன்னும் பத்து நிமிடம் என்று இரண்டு மூன்று தவணையாகச் செய்தால் துருவல் சுருங்காமல் வரும். எடைக் கணக்கு இங்கும் அதேதான். சமையல் வெப்பமானி வைத்திருப்பவர்கள், தண்ணீர் கொதிக்கும் வெப்பத்துக்குமேல் 5 டிகிரி வந்ததும் நிறுத்தலாம். வடோதராவில் அது 105. பெங்களூர் போன்ற மேட்டு நிலத்தில் தண்ணீரே 97 டிகிரிக்குக் கொதித்துவிடுவதால் அங்கே 102 போதும். சூட்டில் சிறிது தளர்வாகத் தெரிந்தாலும் ஆறினால் இறுகும்.

கோள் கேரி

வெயிலும் அடுப்பும் இல்லாமல் ஓர் இனிப்பு ஊறுகாய் வேண்டுமென்றால் ‘கோள் கேரி’ இருக்கிறது. ‘கோள்’ என்றால் வெல்லம், ‘கேரி’ என்றால் மாங்காய். அந்த ‘ள்’ நம்முடைய ‘ள்’ளேதான், வடக்கே பலருக்கு வராத இந்த எழுத்து குஜராத்தியருக்கு நன்றாக வருகிறது.

ஒரு கிலோ மாங்காயைத் தோலோடு சிறு துண்டுகளாக்கி, உப்பும் மஞ்சளும் பிசறி ஒரு நாள் வையுங்கள். மறுநாள் நீரை வடித்துவிட்டு, துண்டுகளை வெள்ளைத் துணியில் பரப்பி நிழலில் மேலீரம் போகும்வரை உலர்த்துங்கள். கையில் ஒட்டக் கூடாது. இங்கே கடுகு, வெந்தயம், தனியா மூன்றையும் தோல் நீக்கி உடைத்த பருப்பாகக் கடையில் விற்கிறார்கள். கடுகுப் பருப்பு 100 கிராம், வெந்தயப் பருப்பு 50 கிராம், தனியாப் பருப்பு 50 கிராம், மிளகாய்த்தூள் 75 கிராம், சிறிது பெருங்காயம். 100 மில்லி எண்ணெயைக் காய்ச்சி, இளஞ்சூடாக ஆறியபின் இவற்றின்மேல் ஊற்றிக் கலக்குங்கள். பிறகு மாங்காய்த் துண்டுகளும் சீவிய வெல்லம் 1 கிலோவும் சேர்த்து மூடி வையுங்கள். தினம் இரு வேளை கிளறினால் ஒரு வாரத்தில் வெல்லம் கரைந்து தேன்போல் ஆகும். பேரீச்சங்காயின் உலர்ந்த வகையைத் துண்டு போட்டுச் சேர்ப்பவர்களும் உண்டு. அதிகப்படி நீரை அது உறிஞ்சிக்கொள்ளும்.

வடித்த உப்பு நீரையும் இவர்கள் வீணாக்குவதில்லை. கொண்டைக்கடலையும் வெந்தயமும் அதில் ஊறவைத்து இன்னொரு ஊறுகாய் போட்டுவிடுகிறார்கள்.

ஜாடி ஏன் கெடுகிறது?

இனி, நான் இக்கட்டுரையை எழுத முக்கியக் காரணமான விஷயத்துக்கு வருகிறேன்.

ஊறுகாயில் பூசணம் பூத்தால் நம் வீடுகளில் முதலில் எழும் கேள்வி, "யார் தொட்டது?" என்பதுதான். வீட்டு விலக்கான நாளில் பெண் கை பட்டால் ஊறுகாய் கெடும் என்ற நம்பிக்கை நம்மிடம் இருப்பதுபோலவே இங்குள்ளவர்களிடமும் இருக்கிறது. வீட்டில் வயதுக்கு வந்த பெண்ணோ புதிதாக வந்த மருமகளோ இருந்தால் பழி அவள் தலையில்தான். இல்லாவிட்டால் "அவளுக்குக் கைராசி போதாது" என்று ஒரு பட்டம். ஒரு ஜாடி போனால் சில நூறு ரூபாயோடு போயிற்று. இந்தச் சொல் ஒரு பெண்ணின் மனத்தில் ஆயுள் முழுதும் தங்கிவிடும்.

ரயில் தடம் புரண்டால் நாங்கள் டேப்பும் கேஜும் எடுத்துக்கொண்டு ஓடுவோம். இரண்டு தண்டவாளங்களுக்கும் இடையே அகலம் எவ்வளவு, உயரம் சமமா, சக்கரத்தின் விளிம்பு எவ்வளவு தேய்ந்திருக்கிறது என்று அளப்போம். அன்று காலை டிரைவர் யார் முகத்தில் விழித்தார் என்று எந்த விசாரணையிலும் கேட்டதில்லை. ஊறுகாய்க்கும் அதே நியாயம் வேண்டாமா? யாருடைய கையாக இருந்தாலும், கழுவித் துடைத்து உலர்ந்திருந்தால் அது ஊறுகாயைக் கெடுக்காது. ஈரமாக இருந்தால் பாட்டியின் கையும் கெடுக்கும்.

பூசணத்துக்கு உண்மையான காரணங்கள் நான்குதான்.

ஒன்று, பாகு முற்றாமல் ஜாடியில் போட்டது. இதை எடைக் கணக்கு பார்த்துக்கொள்ளும்.

இரண்டு, ஜாடியிலோ கரண்டியிலோ இருந்த ஈரம். ஜாடியைக் கொதிநீரில் கழுவி ஒரு நாள் முழுக்க வெயிலில் கவிழ்த்தும் நிமிர்த்தியும் காயவையுங்கள்.

மூன்று, சூடாக இருக்கும்போதே மூடியது. ஆவி மூடியில் நீராகித் திரும்ப மேல்பரப்பில் சொட்டும். அந்த இடத்தில் மட்டும் பாகு நீர்த்துவிடும். பூசணம் அங்கேதான் தொடங்கும்.

நான்காவதை அநேகர் அறிவதில்லை. அது மழைக்காலக் காற்று. அடர்த்தியான சர்க்கரைப் பாகு காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சும். ஜூலை, ஆகஸ்டில் காற்றின் ஈரம் 80 விழுக்காட்டைத் தாண்டும் நாட்களில், திறந்து வைத்த ஜாடியின் மேல்பரப்பு தானாகவே நீர்த்துக்கொண்டிருக்கும். பெரிய ஜாடியைத் தினம் திறப்பதுதான் கேட்டுக்கு வழி. ஆண்டு முழுதுக்குமான ஊறுகாயைச் சின்னச் சின்ன பாட்டில்களில் நிரப்பி, ஒன்று தீர்ந்தபின் அடுத்ததைத் திறங்கள். நுரை பொங்கினாலோ, கள் வாசனை வந்தாலோ, மேலே பூசணம் தெரிந்தாலோ, வழித்துவிட்டு மிச்சத்தைச் சாப்பிடலாம் என்று எண்ண வேண்டாம். கண்ணுக்குத் தெரியும் பூசணத்தின் கீழே தெரியாததும் இருக்கும். மனத்தைத் தேற்றிக்கொண்டு அந்தப் பாட்டிலைக் கொட்டிவிடுங்கள். சிறு பாட்டில் என்றால் நஷ்டமும் சிறியது.

சர்க்கரையைக் குறைக்கலாமா?

நம் வயதுக்காரர்கள் கேட்கும் கேள்வி இது. சர்க்கரையைப் பாதியாக்கிவிட்டு முன்போல் ஜாடியில் போட்டு வெளியே வைத்தால் அது ஒரு மாதம்கூடத் தாங்காது. மேலே சொன்ன காவல் போய்விடுகிறதல்லவா? கடைகளில் விற்கும் செயற்கை இனிப்புகள் நாக்குக்கு இனிக்கும். மிகச் சிறிய அளவில் போடுவதால் தண்ணீரைப் பிணைத்து வைக்கும் சக்தி அவற்றுக்கு இராது. ஆகவே குறைந்த சர்க்கரையில்தான் வேண்டுமென்றால் கால் கிலோ அளவில் செய்து, ஃபிரிட்ஜில் வைத்து, இரண்டு வாரத்துக்குள் தீர்த்துவிடுங்கள். அதைச் சட்னியாக எண்ணுங்கள், ஊறுகாயாக எண்ணாதீர்கள்.

சர்க்கரை வியாதி உள்ளவர்கள் ஒரு கணக்கைத் தெரிந்துகொள்ள வேண்டும். 20 கிராம் சுந்தோ, அதாவது ஒரு மேசைக்கரண்டி, 12 கிராமுக்குமேல் சர்க்கரை. காப்பிக்கு இரண்டரை தேக்கரண்டி போட்டுக் கொள்வதற்குச் சமம். "வெல்லந்தானே, சர்க்கரை இல்லையே" என்று கோள் கேரியை எடுத்துக் கொள்வதிலும் பயனில்லை. வெல்லத்தில் பெரும்பகுதி அதே சர்க்கரைதான். அதே சமயம், இதில் உப்பு நூற்றுக்கு ஒன்றேகால் பங்குதான். நம் வழக்கமான மாங்காய் ஊறுகாயில் உப்பு இதைப்போல் பல மடங்கு. இரத்தக் கொதிப்புக்காக உப்பைக் குறைக்கச் சொல்லியிருக்கிறார்கள், சர்க்கரை வியாதி இல்லை என்பவர்கள் இதைத் தாராளமாக விரும்பலாம். இரண்டும் உள்ளவர்கள் டாக்டரைக் கேட்டுக்கொண்டு, நுனிக் கரண்டியோடு நிறுத்திக் கொள்வது நல்லது.

எதனோடு சாப்பிடுவது?

குஜராத்தியர் வெந்தயக்கீரை தேப்ளாவோடு சாப்பிடுவார்கள். பயணத்துக்கு இந்த ஜோடி இல்லாமல் கிளம்புவதே இல்லை. நம் வீட்டில் இதற்கு ஏற்ற இணை அடை. அடைக்கு வெல்லமும் வெண்ணெயும் தொட்டுக்கொள்ளும் நமக்கு, வெல்லத்தின் இடத்தில் சுந்தோவை வைப்பது பெரிய மாற்றமாகத் தெரியாது. இனிப்போடு புளிப்பும் காரமும் கூடுதல் லாபம். மிளகு தூக்கலான பொங்கலுக்கும், சப்பாத்திக்கும், தயிர் சாதத்துக்கும் ஒத்துப்போகும். இங்கிருந்து நவஜீவன் எக்ஸ்பிரஸில் சென்னைக்குப் போனால் இரண்டு இரவும் நடுவில் ஒரு பகலும் ரயிலில்தான். இட்லி மிளகாய்ப்பொடியோடு ஒரு சிறு பாட்டில் சுந்தோவும் எடுத்துப் போங்கள். எண்ணெய் கசிந்து பெட்டியிலுள்ள பட்டுப்புடவை கறைபடும் என்ற கவலை இதில் இல்லை.

மாங்காய் விலை இறங்குவதும் வெயில் ஏறுவதும் மே முதல் வாரத்தில்தான். ஜூன் நடுவில் மழை தொடங்குமுன் ஜாடி அலமாரிக்குள் போய்விட வேண்டும். முதல் தடவை ஒரு கிலோவோடு தொடங்குங்கள். வீட்டிலுள்ள பெண் குழந்தைகளையும் ஆண் பிள்ளைகளையும் துருவவும், எடை பார்க்கவும், குறித்து வைக்கவும் கூப்பிடுங்கள். கணக்குப் பாடத்தில் வரும் விழுக்காடு வீட்டுத் தராசிலும் வரும் என்பதை அவர்கள் பார்க்கட்டும். நாளை அவர்கள் எந்த ஊருக்குப் பிழைக்கப் போனாலும் அந்த ஊர் மாங்காயில், அந்த ஊர் வெயிலில் இதைச் செய்துகொள்வார்கள். ஜாடி கெட்டால் யார் தொட்டது என்று கேட்காமல், தண்ணீர் எங்கிருந்து வந்தது என்று தேடுவார்கள்.